ரப்பர் ஷீட்டை மூச்சு விட வைத்தது எப்படி

ரப்பர் ஷீட்டைப் புகை காட்டிக் காய வைக்கும் புகைப்புரைக்குள் வரிசையாக ஷீட் தொங்குகிறது. மற்றதெல்லாம் சும்மா தொங்க, ஒன்று மட்டும் மூச்சு விடுகிறது. எங்கள் ஏழு நிமிடக் குறும்படம் இந்த ஒரு ஷாட்டை நம்பித்தான் நிற்கிறது. போன வாரம் அது ஒருவழியாகக் கைகூடியது. ஷீட் புடைத்து அடங்குவது மொத்தமே 5 மில்லிமீட்டர். அதற்குப் பின்னால் ஒரு கார் வைப்பர் மோட்டார், பழைய சைக்கிள் செயின், இரண்டு வெந்நீர்ப் பை, கொத்தனார்கள் மட்டம் பார்க்கும் குழாய் எல்லாம் இருக்கின்றன. அளவுகள் மறந்துபோவதற்குள் எழுதி வைக்கிறேன். இந்த மாதிரி வேலையில் இறங்க நினைக்கும் யாருக்காவது உதவும்.

எனக்குத் தொழில் கல்யாண வீடியோ. மார்த்தாண்டத்தில் ஸ்டுடியோ. ஆடியில் முகூர்த்தம் குறைவு என்பதால் கேமராவும் லைட்டும் சும்மா இருக்கும். குலசேகரம் பக்கம் பெரியம்மா வீட்டில் ஒன்றரை ஏக்கர் ரப்பர், வீட்டுக்குப் பின்னால் ஷீட் அடிக்கும் மெஷின், அதை ஒட்டிச் சின்னதாக ஒரு புகைப்புரை. சின்ன வயதில் லீவு விட்டால் நான் கிடந்த இடம் அது. அங்கே இருப்பதை வைத்தே எடுப்பது, விசித்திரமாக எதையும் வெளியிலிருந்து கொண்டுவருவதில்லை என்பதுதான் முதல் முடிவு. ஆட்கள் நான்கே பேர்: நான், என்னோடு கல்யாணங்களுக்கு வரும் தம்பி, பெரியம்மா, தோட்டத்தில் பால் வெட்டும் மாமா.

கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. ஒரு வீடு, ஒரு காலை. மரத்தில் வடிந்த பால் மரத்துக்குள்ளேயே திரும்பிப் போகிறது. புகைப்புரையில் ஒரு ஷீட் மூச்சு விடுகிறது. வீட்டிலிருப்பவர்கள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாமல் அன்றன்றைய வேலையைப் பார்க்கிறார்கள்.

முதலில் எடுத்தது அடுக்களை. சருவம், செம்பு, தம்ளர் எல்லாம் தானாக நகர்ந்து இடம் மாறுவதாக ஒரு காட்சி. ஒரு போட்டோ எடு, பாத்திரத்தை அரை சென்டிமீட்டர் நகர்த்து, அடுத்த போட்டோ எடு. நொடிக்கு 25 பிரேம், ஒரு போட்டோவுக்கு இரண்டு பிரேம் என்று வைத்தால் பத்து நொடிக்கு 125 போட்டோ. ஆடி மாதத்து வானம் மேகம் வருவதும் போவதுமாக இருந்ததால் முதல் தடவை எடுத்தது முழுக்க வெளிச்சம் படபடவென்று துடித்தது. ஜன்னலை ஜமக்காளத்தால் அடைத்து, டியூப்லைட்டை அணைத்து, ஒரே ஒரு எல்இடி பேனலை மட்டும் வைத்து, கேமராவில் எக்ஸ்போஷர், ஒயிட் பேலன்ஸ், ஃபோகஸ் மூன்றையும் கையாலேயே பூட்டியதும் துடிப்பு நின்றது. அசைவு வழுவழுப்பாக வந்தது.

ஆனால் காட்சி செத்துப்போனது. செம்பு நகர்ந்து போவதைப் பார்த்துப் பெரியம்மாவின் பேத்தி கைகொட்டிச் சிரித்தாள். அவள் சிரித்தது நியாயம். நார்மன் மெக்லாரன் 1952-ல் கனடாவில் எடுத்த ‘நெய்பர்ஸ்’ படத்தில் மனிதர்களையே இப்படி பிரேம் பிரேமாக நகர்த்தியிருப்பார். ஆட்கள் நின்ற நிலையிலேயே புல்தரையில் வழுக்கிப் போவார்கள். விளையாட்டாகத் தொடங்கிக் கொடூரத்தில் முடிகிற அந்தப் படத்துக்கு அந்தத் துள்ளல் பொருந்துகிறது. எங்களுக்கு வேண்டியது வேறு. பாத்திரம் நடந்தால் அது பொம்மை ஆகிவிடுகிறது. யாரோ நகர்த்துகிறார்கள் என்று பார்க்கிறவர் மனசு உடனே ஒதுக்கி வைத்துவிடுகிறது. இருந்த இடத்திலேயே இருக்கும் பொருள் கொஞ்சமே கொஞ்சம் தன் இயல்பை மீறினால்தான் வயிற்றுக்குள் ஏதோ நழுவுகிறது.

மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹாமிட்டும் 1943-ல் லாஸ் ஏஞ்சல்ஸில் தாங்கள் குடியிருந்த வீட்டிலேயே எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ படத்தை அன்று இரவு மறுபடி போட்டுப் பார்த்தேன். சாவி, ரொட்டி, கத்தி, எடுத்து வைத்த தொலைபேசி. வீட்டில் கிடக்கும் சாமான்களை விட்டு அது அதிகம் விலகுவதில்லை. ரொட்டியில் செருகிய கத்தி தானாக நழுவி விழுகிற அளவுக்குத்தான் பொருள்கள் அசைகின்றன. அடுக்களைக் காட்சியை முழுசாகத் தூக்கிப் போட்டேன். இனி ஒரு ஷாட்டில் ஒரு பொருள்தான் மாறும், அதுவும் மிகக் குறைவாகத்தான் மாறும் என்று நோட்டில் எழுதிவைத்துக்கொண்டோம்.

அடுத்தது பால். ரப்பர் மரத்தில் விடியும் முன்பே வெட்டுவார்கள். வெயில் ஏறினால் மரத்துக்குள் அழுத்தம் குறைந்து பால் வரத்தும் குறையும். இடமிருந்து வலமாகச் சரிந்து இறங்கும் வெட்டுப்பட்டையில் மாமா கத்தியை வைத்து இழுத்ததும் மெல்லிய பட்டைச் சீவல் சுருண்டு விழும். அடுத்த நொடி வெட்டு முழுக்கப் பொடிப்பொடியாய் வெள்ளை முத்து அரும்பும். அவை ஒன்றோடொன்று சேர்ந்து கோடாகி, சரிவில் இறங்கி, தகர மூக்கு வழியாகச் சிரட்டைக்குப் போகும். இதை எடுத்துத் திருப்பி ஓட்டினால் போதும் என்றுதான் நினைத்திருந்தோம்.

சிரட்டையிலிருந்து சொட்டு மேலே எழும்புவதாக வந்த ஷாட்டைப் பார்த்ததுமே தம்பி, “அண்ணே, இது ரிவர்ஸ்னு நாலாம் கிளாஸ் பிள்ளைக்கும் தெரியும்” என்றான். சரிதான். துளி தெறித்து மேலே பறப்பது எல்லாருக்கும் பழகிப்போன வித்தை. அதனால் சிரட்டையை விட்டுவிட்டு வெட்டுப்பட்டைக்கே போனோம். 50 மில்லிமீட்டர் லென்ஸில் 700 ரூபாய் க்ளோஸ்-அப் ஃபில்டரைத் திருகி, ஒரு சாண் பட்டை மட்டும் பிரேமில் தெரியும்படி வைத்தோம். நொடிக்கு 50 பிரேமில் எடுத்து 25-ல் ஓட்டினோம். இப்போது திருப்பிப் போட்டால் வெள்ளைக் கோடு உடைந்து முத்துகளாகிறது, முத்துகள் ஒவ்வொன்றாகப் பட்டைக்குள் உறிஞ்சப்பட்டு மறைகின்றன. பிறகு கத்தி வருகிறது. சுருண்டு கிடந்த சீவல் எழும்பி வந்து விரிந்து மரத்தில் ஒட்டிக்கொள்கிறது. கத்தி காயத்தைத் தைத்துவிட்டுப் போய்விடுகிறது. நான் எதிர்பார்த்ததைவிடப் பல மடங்கு அதிகமாகக் கிடைத்த ஷாட் இது.

இதோடு சேர்த்து மாமா மரத்தடிக்கு வந்து போவதும் தேவைப்பட்டது. படத்தில் அவர் நேராக நடந்து வர வேண்டும் என்றால், எடுக்கும்போது பின்னோக்கி நடந்து வெளியேற வேண்டும். படத்தில் அவர் நேராக நடந்து போக வேண்டும் என்றால், எடுக்கும்போது பின்னோக்கியே மரத்தடிக்கு வர வேண்டும். வெட்டு மட்டும் வழக்கம்போல. இதை விளக்கிச் சொன்னபோது மாமா கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, “அப்பம் நான் வெட்டுக காயமெல்லாம் ஆறிப்போவும், இல்லியா மக்கா?” என்றார். அதன் பிறகு அவருக்கு எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

பின்னோக்கி நடப்பதில் இரண்டு விஷயம் காட்டிக்கொடுக்கும். ஒன்று கால். திருப்பி ஓட்டும்போது அது நடையாகவே இருக்காது. இரண்டாவது துணி. சாரத்தின் (லுங்கியின்) தொங்கல் நடைக்கு முந்தியே ஆடும். சாரத்தை மடித்து இறுக்கிக் கட்டச் சொல்லி, பிரேமை முழங்காலுக்கு மேலே வெட்டினோம். தலை லைட் வெளிச்சம் மட்டும் மரத்துக்கு மரம் தாவி வரும். அது போதுமாக இருந்தது.

இந்த ஷாட்டில் மறக்கக் கூடாத கட்டுப்பாடு ஒன்று உண்டு. ஒரு மரத்துக்கு ஒரு டேக். அன்றைக்கு வெட்டிய பட்டையை மறுபடி வெட்ட முடியாது. ஒன்றுவிட்டு ஒருநாள் வெட்டுகிற தோட்டம் என்பதால் அந்த மரத்துக்குத் திரும்பி வர இரண்டாம் நாள் ஆகும். டேக் சரியில்லை என்றால் ஸ்டாண்டு, லைட், பேட்டரி எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு அடுத்த மரம். மழைக்கு பிளாஸ்டிக் பாவாடை ஒட்டியிருந்த மரங்களில் அதன் ஓரம் பிரேமுக்குள் தொங்கியது. அதை மேலே சுருட்டி கிளிப் போட்டு நிறுத்தி, எடுத்து முடித்ததும் இறக்கிவிட்டோம். லைட்டை மரத்துக்கு இரண்டு மீட்டர் தள்ளி வலப்பக்கம், இருபது சதவீதத்துக்கு மேல் போகாமல் வைத்தோம். கூட்டினால் ஈரப் பால் வெளுத்து, முத்துகளின் உருண்டை தட்டையாகிவிடும்.

இனி ஷீட். ஆடியில் பெரும்பாதி இதற்கே போனது.

தெரியாதவர்களுக்கு ஒரு வரி: பாலை வடிகட்டித் தண்ணீர் கலந்து, டிஷ்ஷில் ஊற்றி, பார்மிக் ஆசிட் சேர்த்து உறைய வைப்பார்கள். உறைந்ததை வழுவழு ரோலரிலும், பிறகு வரி விழும் ரோலரிலும் கொடுத்து இழுத்தால் ஷீட். தண்ணீர் வடிய விட்டு, புகைப்புரையில் மூங்கிலில் தொங்கவிட்டு நாலைந்து நாள் புகை காட்டினால் வெள்ளை மாறித் தேன் நிறத்துக்கு வரும்.

முதலில் பின்னால் டேபிள் ஃபேன் வைத்துப் பார்த்தோம். ஷீட் மொத்தமும் கொடியில் காயும் சாரம் மாதிரி ஆடியது. காற்று என்று பார்த்ததும் தெரிந்தது. பிறகு குளச்சலில் வாங்கிய 0.25 மில்லிமீட்டர் தங்கூஸ் நரம்பை (மீன்பிடி நைலான் இழை) ஷீட்டின் நடுவில் ஒட்டிப் பின்னாலிருந்து இழுத்தோம். நரம்பு ஒட்டிய இடம் மட்டும் கூம்பாகக் குழிந்தது. தங்கூஸ் கொஞ்சம் நீளும் தன்மை உள்ளது. கை இழுத்த பிறகுதான் ஷீட் நகரும், நகர்ந்தால் வெடுக்கென்று நகரும். நெஞ்சு ஏறி இறங்கும் அசைவு இழுப்பில் வராது. உள்ளிருந்து ஒரே சீராகத் தள்ள வேண்டும்.

அதற்கு விடை இரண்டு ஷீட்டும் நடுவில் ஒரு பையும். மருந்துக்கடையில் கிடைக்கும் சிவப்பு ரப்பர் வெந்நீர்ப் பை நல்ல அளவு. அதை இரண்டு ஷீட்டுக்கு நடுவே வைத்து ஓரங்களை ஒட்டிவிட்டால் வெளியிலிருந்து ஒரே ஷீட்டாகத் தெரியும். மூடியில் துளை போட்டு, மட்டக்குழாயைச் செருகி, சைக்கிள் பஞ்சருக்கு ஒட்டும் சொல்யூஷனும் டியூப் துண்டும் வைத்து அடைத்தோம். குழாயின் மறுமுனையில் இன்னொரு வெந்நீர்ப் பை. இதை அமுக்கினால் அது புடைக்கும்.

வழக்கமான ஷீட் இதற்கு விறைப்பு. பெரியம்மா வீட்டு மெஷினில் வருவது 3 மில்லிமீட்டருக்குக் குறையாது. மாமா டிஷ்ஷில் வழக்கமாக ஊற்றுவதில் பாதிப் பாலை மட்டும் ஊற்றி, ரோலரை இறுக்கி, கூடுதலாக இரண்டு முறை கொடுத்து 2 மில்லிமீட்டருக்குக் கொண்டுவந்தார். அந்த ஷீட்டைப் புகை காட்டாமல் வெள்ளையாகவே தொங்கவிட்டபோது பை வைத்தது நன்றாகவே புடைத்தது. ஆனால் சுற்றிலும் தேன் நிறம், இது மட்டும் வெள்ளை. அசையும் முன்பே கண் அங்கே போய் நின்றுவிடுகிறது. எனவே மெல்லிய ஷீட்டுகளையும் மற்றவற்றோடு சேர்த்தே புகை காட்டி, நிறம் ஒத்துவந்த பிறகு ஒட்டினோம். புகையில் காய்ந்தால் விறைத்துவிடுமோ என்று பயந்தேன். 2 மில்லிமீட்டரில் அந்தத் தொந்தரவு வரவில்லை.

கையால் அமுக்கிப் பார்த்ததில் மூச்சு மாதிரியே இருந்தது. ஆனால் ஒரு மூச்சுக்கும் அடுத்த மூச்சுக்கும் அளவு மாறியது. ஷாட் நாற்பது நொடிக்கு மேல் ஓட வேண்டும், இரண்டு கோணத்தில் எடுத்ததை ஒட்டவும் வேண்டும். எனவே மோட்டார். பழைய இரும்புக்கடையில் 450 ரூபாய்க்கு ஒரு கார் வைப்பர் மோட்டார் கிடைத்தது. 12 வோல்ட்டில், மெதுவான முனையில் கொடுத்தால் நிமிடத்துக்கு ஏறக்குறைய 40 சுற்று. ஓய்வில் இருக்கும் மனிதர் நிமிடத்துக்கு 12 முதல் 20 மூச்சு விடுவார். தூங்குகிறவர் மூச்சு அதைவிடக் குறைவாகத் தெரிந்தால் நல்லது என்று 10 என்று வைத்துக்கொண்டேன். வேகத்தைக் குறைக்கும் போர்டைத் திருகி 10-க்கு இறக்கியபோது பையின் மேல் வைத்த பலகையை அமுக்கும் இடத்தில் மோட்டார் திணறி நின்றது. வேகத்தை மின்சாரத்தில் அவ்வளவு குறைத்தால் பலமும் போய்விடுகிறது. சைக்கிள் கடைக்காரரிடம் பழைய 18 பல் ஃப்ரீவீலும் 44 பல் சக்கரமும் செயினும் வாங்கி, ஃப்ரீவீல் தனியாகச் சுற்றாதபடி வெல்டிங் வைத்து மோட்டாரில் மாட்டினோம். மோட்டார் 25 சுற்றில் ஓடினால் பெரிய சக்கரம் 10 சுற்று. திணறல் போயிற்று.

அமுக்கும் பலகை 60 சென்டிமீட்டர். ஒரு முனையில் கீல். கீலிலிருந்து 20 சென்டிமீட்டரில் பை, 50 சென்டிமீட்டரில் மேலிருந்து அமுக்கும் சக்கரம். முதலில் சும்மா வட்டமான பலகையை மையம் தள்ளி மாட்டியிருந்தேன். ஓடியது. பார்த்தால் பம்ப். ஏறுவதும் இறங்குவதும் ஒரே நேரம் எடுத்ததால் அது உயிராகத் தெரியவில்லை. தூங்கிக்கொண்டிருந்த பேத்தியின் வயிற்றை ஸ்டாப்வாட்ச் வைத்துப் பார்த்தேன். உள்ளே இழுப்பது சீக்கிரம், விடுவது மெதுவாக, அப்புறம் ஒரு சின்ன நிறுத்தம். அந்த நிறுத்தம்தான் எங்களிடம் இல்லாதது.

12 மில்லிமீட்டர் ப்ளைவுட்டில் முட்டை வடிவக் கேம் (சுற்றும்போது பலகையை அமுக்கி விடும் வட்டு) ஒன்றை வெட்டினோம். 360 டிகிரியில் 120 டிகிரி ஏற்றம், 180 டிகிரி இறக்கம், மிச்சம் 60 டிகிரி ஓய்வு. ஒரு சுற்றுக்கு ஆறு நொடி என்பதால் இரண்டு நொடி இழுப்பு, மூன்று நொடி விடுப்பு, ஒரு நொடி நிறுத்தம். ஓரத்தை உப்புத்தாள் போட்டுத் தேய்த்து மெழுகுவர்த்தியால் பூசினோம். இறங்கும்போது பலகை தானாக எழும்பாமல் சோம்பியது. கார் டியூபில் ஒரு பட்டை வெட்டி மேலிருந்து இழுத்துக் கட்டியதும் சரியானது.

அளவுக்கு வந்தால், முதல் கேமில் ஏற்றம் 45 மில்லிமீட்டர். ஷீட் ஒன்றேகால் சென்டிமீட்டர் புடைத்தது. புகைப்புரைக்குள் நேரில் நின்று பார்த்தபோது அருமையாக இருந்தது. திரையில் பார்த்தால் உள்ளே யாரோ ஒளிந்திருக்கிறார்கள் என்று தோன்றியது. கேமைத் தேய்த்துத் தேய்த்துக் குறைத்துக்கொண்டே வந்தோம். 20 மில்லிமீட்டர் ஏற்றத்தில், அதாவது ஷீட்டில் சுமார் 5 மில்லிமீட்டரில், பார்க்கிறவர் முதலில் ஷீட்டைப் பார்க்காமல் தன் கண்ணைச் சந்தேகப்படத் தொடங்கினார். அதற்குக் கீழே போனால் ஒன்றுமே தெரியவில்லை.

இந்த 5 மில்லிமீட்டர் கம்ப்யூட்டர் திரையில் தெரிந்தது, போனில் தெரியவில்லை. குறும்படத்தைப் பத்தில் ஒன்பது பேர் போனில்தான் பார்க்கப் போகிறார்கள். தம்பி கேமை மறுபடி பெரிதாக்கச் சொன்னான். எனக்கு மனசு வரவில்லை. அப்போது கை கொடுத்தது லைட். அதுவரை கேமராவுக்குப் பக்கத்திலிருந்தே வெளிச்சம் கொடுத்திருந்தோம். பேனலைக் கழற்றி, ஷீட்டின் பக்கவாட்டில், அதன் பரப்பை உரசிக்கொண்டு போகிற கோணத்தில் வைத்தேன். ஷீட்டுக்கும் வெளிச்சத்துக்கும் 15 டிகிரிதான் இருக்கும். ஷீட்டில் ரோலர் போட்ட வரிகள் உண்டல்லவா, ஒவ்வொரு வரிக்கும் ஒரு மெல்லிய நிழல் விழுந்தது. ஷீட் புடைக்கும்போது நடுவில் இருக்கும் வரிகளின் நிழல் சுருங்கி, அடங்கும்போது நீண்டது. ஷீட் நகர்ந்தது 5 மில்லிமீட்டர், நிழல் நகர்வது முழுப் பரப்பிலும். போனிலும் பளிச்சென்று தெரிந்தது. இந்த வேலை முழுவதிலும் என்னை நிஜமாகவே உட்கார வைத்துவிட்டது இந்த நிமிடம்தான். ஒரு பேனலை ஒரு மீட்டர் தள்ளிவைத்ததில் வந்த வித்தியாசம்.

புகைப்புரைக்குள் எடுக்கும்போது தீ வைக்கவில்லை. புகை மூட்டத்தில் உள்ளே நின்று வேலை செய்வது ஆபத்து, சூட்டில் பைக்குள் காற்று விரிந்து அளவும் கெடும். வெளியே சட்டியில் கதம்பை (தேங்காய் மட்டை) போட்டுப் புகைய விட்டு, ஒரு நிமிடம் உள்ளே வைத்து எடுத்துவிட்டு, கதவைத் திறந்து வைத்தபடி எடுத்தோம். கூரையின் கண்ணாடி ஓடு வழியாக இறங்கும் வெளிச்சத்தில் அந்தக் கொஞ்சப் புகையே போதும். மோட்டாரும் பலகையும் சுவருக்கு வெளியே, குழாய் ஓட்டுக்கும் சுவருக்கும் நடுவே இருந்த இடைவெளியில் உள்ளே போயிற்று. மூங்கிலுக்குப் பின்னால் குழாய் எட்டிப்பார்த்த ஒரு சாண் இடத்தை டாவின்சி ரிசால்வ் எடிட்டிங் மென்பொருளில் மாஸ்க் போட்டு அழித்தேன்.

பெரியம்மாவிடம் நடிக்கச் சொல்லவில்லை. வழக்கமாக என்ன செய்வீர்களோ அதைச் செய்யுங்கள் என்றேன். அவர்கள் ஒவ்வொரு ஷீட்டாகத் தூக்கி வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து, வெள்ளைப் புள்ளி இருக்கிறதா, நன்றாகக் காய்ந்ததா என்று பார்த்துத் திருப்பிப் போட்டுக்கொண்டே வந்தார்கள். மூச்சு விடும் ஷீட்டுக்கு வந்ததும் கை நின்றது. தூக்கவில்லை. உள்ளங்கையால் இரண்டு தட்டு மெதுவாகத் தட்டிவிட்டு அடுத்ததற்குப் போனார்கள். நான் சொல்லிக் கொடுக்காத அசைவு. கட் சொன்னதும் ஏன் என்று கேட்டேன். “தூங்கிட்டுக் கெடக்குல்லா மக்கா, எழுப்பாண்டாம்னு பைய தட்டிக் குடுத்தேன்” என்றார்கள். பயப்படுவதாக ஒரு ரியாக்‌ஷன் ஷாட் திட்டத்தில் இருந்தது. அதை எடுக்கவே இல்லை.

வீட்டுக்குள் எடுத்த காட்சிகளைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. டியூப்லைட் எரியும் இடத்தில் நொடிக்கு 24 பிரேமில் எடுத்தால் திரையில் பட்டை பட்டையாக ஓடும். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், விளக்கு நொடிக்கு நூறு முறை மினுங்குகிறது. 25 பிரேம், ஷட்டர் 50-ல் ஒன்று என்று வைத்தால் பட்டை போய்விடும். கல்யாண மண்டபங்களில் படித்த பாடம்.

சத்தத்தில்தான் எனக்கும் தம்பிக்கும் கருத்து வேறுபாடு. அவன் மூச்சுச் சத்தம் சேர்க்க வேண்டும் என்றான். அவனே மைக்கில் மூச்சு விட்டுப் பதிந்தும் கொடுத்தான். ஷீட் அடிக்கும் மெஷினின் முனகலைப் பாதி வேகத்தில் ஓட்டி, ஒரு ஸ்தாயி இறக்கி அதோடு சேர்த்தோம். கேட்டதும் பேய்ப்படம் ஆகிவிட்டது. சத்தம் முந்திக்கொண்டு ‘பயப்படு’ என்று சொல்லிவிட்டால் கண்ணுக்கு வேலை இல்லை. கடைசியில் எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, புகைப்புரைக்குள் பதிந்த இயல்பான சத்தத்தை மட்டும் வைத்தோம்: ஓட்டின் மேல் மழைத்தண்ணீர் சொட்டுவது, சீவிடு (சில்வண்டு), தூரத்தில் ஒரு பஸ் ஹாரன். செய்த ஒரே வேலை, ஷீட் மூச்சை உள்ளே இழுக்கும் இரண்டு நொடியில் அந்தச் சத்தத்தை 3 டெசிபெல் இறக்கியது. இறக்கியது யாருக்கும் தெரியவில்லை. ஆனால் அதை எடுத்துவிட்டுப் போட்டுக் காட்டினால், ஏதோ குறைகிறதே என்று கேட்கிறார்கள். வெளியே பதியும்போது காற்று மைக்கில் இரைந்தது. பேத்தியின் பழைய கரடிப் பொம்மையின் ரோமத் துணியைப் பையாகத் தைத்து மைக்குக்கு மாட்டியதில் அது அடங்கியது.

செலவு. வைப்பர் மோட்டார் 450, 12 வோல்ட் பவர் சப்ளை 650, வேகக் கட்டுப்பாட்டு போர்டு 180, வெந்நீர்ப் பை இரண்டு 480, மட்டக்குழாய் எட்டு மீட்டர் 160, சைக்கிள் சாமான் 300, வெல்டிங் 150, சொல்யூஷன் 120, க்ளோஸ்-அப் ஃபில்டர் 700. ப்ளைவுட் தச்சுப்பட்டறையில் மிச்சம் கிடந்தது, காசு வாங்கவில்லை. மாமாவுக்கு வெட்டுக்கூலிக்கு மேல் 3,000. சாப்பாடு, பெட்ரோல் 2,400. மொத்தம் 8,590 ரூபாய். ஒட்டிய ஷீட்டுகளைப் பிரித்துப் பார்த்தோம். சொல்யூஷன் பட்டதால் கடையில் ஷீட் விலைக்கு எடுக்க மாட்டார்கள், கழிவு ரப்பர் போடும் ஒட்டுப்பால் சாக்கில் போய்விட்டன. ஒட்டாத மற்ற ஷீட்டெல்லாம் வழக்கம்போல விலைக்குப் போயின. மாமாவின் பால் ஒரு சிரட்டைகூட வீணாகவில்லை.

அடுத்த முறை மாற்றப் போவது மூன்று. பைகளில் காற்றுக்குப் பதில் தண்ணீர் நிரப்புவேன். ஆறு மீட்டர் குழாயில் காற்று அமுங்கிக்கொள்வதால் கேம் ஏறிய பிறகுதான் ஷீட் புடைக்கத் தொடங்குகிறது. பெரியம்மாவின் கை தட்டலோடு மூச்சைப் பொருத்த அந்தத் தாமதம் ரொம்பப் படுத்தியது. தண்ணீரின் கனத்துக்கு மூங்கிலை மட்டும் தடித்ததாகப் போட வேண்டும். இரண்டாவது, எந்த ஷாட்டையும் எடுத்த இடத்திலேயே போனில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் ஸ்டாண்டைக் கழற்றுவது. மூன்றாவது, லைட்டை முதலில் முடிவு செய்துவிட்டு அதற்கப்புறம் அசைவின் அளவுக்குப் போவது. நாங்கள் தலைகீழாகச் செய்ததால் தேய்த்துத் தள்ளிய கேம்கள் ஒரு சாக்கு நிறையக் கிடக்கின்றன.

அடுத்து நினைத்திருப்பது இதற்கு நேர்மாறான ஒன்று. ஆரல்வாய்மொழிக் கணவாயில் காற்று வீசும் மாதங்களில் முப்பந்தல் காற்றாலைகள் நிற்காமல் சுற்றும், வாழைத்தோட்டத்தில் ஒரு இலை சும்மா இருக்காது. அந்தத் தோட்டத்தில் எல்லா இலையும் அடித்துக்கொண்டிருக்க ஒரே ஒரு இலை மட்டும் அசையாமல் நிற்க வேண்டும். இலையின் நடுத்தண்டுக்குள் கம்பி செருகினால் தண்டு நிற்கும், இலைப்பரப்பு கிழிந்து ஆடும். பின்பக்கம் தங்கூஸ் வலையை ஒட்டிக் கம்பிச் சட்டத்தில் இழுத்துக் கட்டிப் பார்க்கலாம் என்று இருக்கிறேன். 4 மில்லிமீட்டர் கம்பி வாங்கியாயிற்று. தென்மேற்குக் காற்று அடங்குவதற்குள் முதல் இலையைக் கட்டிப் பார்த்துவிட வேண்டும்.